பதினொரு ஃபிரேமில் குமுளி–தேனி

முல்லைச்சாரல் மெய்நிகர் போக்குவரத்துக் கழகத்திடம் நூற்று எண்பத்து மூன்று பேருந்துகள் இருந்தன. அவற்றில் ஒன்றுகூட உலகத்தில் இல்லை. மற்றபடி அது ஒரு முழுமையான போக்குவரத்துக் கழகம். பொது மேலாளர் இருந்தார், தொழில்நுட்பப் பிரிவும் பாதுகாப்புப் பிரிவும் இருந்தன, டிப்போ இருந்தது, மெமோ இருந்தது. கணினியில் பேருந்து ஓட்டும் ஒரு வெளிநாட்டு விளையாட்டை எடுத்து, அதற்குள் குமுளியிலிருந்து தேனிவரை உள்ள சாலையையும் பாலங்களையும் வேகத்தடைகளையும் யார் யாரோ உட்கார்ந்து செய்து சேர்த்திருந்தார்கள். இப்படிச் சேர்க்கும் சாமான்களுக்கு மோடு என்று பெயர். கழகத்தார் அவரவர் வீட்டிலிருந்து ஒரே நேரத்தில் அந்தச் சாலையில் வண்டி ஓட்டுவார்கள். பயணிகள் ஏறுவார்கள். அவர்களும் மோடுதான்.

இந்தக் கழகத்தில் வண்டி எண் நாற்பத்தொன்றின் ஓட்டுநர் லூர்துநாதன். வயது நாற்பத்து நான்கு. பகலில் உத்தமபாளையத்தில் ஒரு எடைமேடையில் வேலை. லாரி ஏறும், எண் வரும், சீட்டைக் கிழித்துக் கொடுப்பார். லாரி இறங்கும், எண் பூஜ்ஜியமாகும். பதினேழு வருடமாக இதைப் பார்த்துக்கொண்டிருந்தார். மாலை ஏழு மணிக்கு வீட்டில் மடிக்கணினியைத் திறந்து குமுளியிலிருந்து வண்டியை எடுப்பார். ஏழு ஐம்பதுக்குத் தேனி. பிறகு சாப்பாடு.

அந்த மடிக்கணினி அவருடைய கொழுந்தியாளுக்குப் பன்னிரண்டாம் வகுப்பில் அரசு இலவசமாகக் கொடுத்தது. அவளுக்குக் கல்யாணமாகி இரண்டு பிள்ளைகளும் பிறந்த பிறகு இவரிடம் வந்தது. ஒரு நொடியில் திரையில் எத்தனை படம் மாறுகிறதோ அதுதான் ஃபிரேம். முப்பது வந்தால் வண்டி ஓடுவது போலிருக்கும். லூர்துநாதனுக்குப் பதினெட்டு வந்தது. வண்டி ஓடுவதை யாரோ பக்கத்தில் உட்கார்ந்து எடுத்துச் சொல்வது போலிருக்கும். அவருக்கு அது போதுமானதாக இருந்தது.

அவர் கழகத்தில் தொடர்ந்து இருந்ததற்கு ஒரே காரணம் கண்ணாடி. ஒன்றரை வருடத்துக்கு முன், லோயர் கேம்ப் இறக்கத்தில், பக்கக் கண்ணாடியில் பின்னால் ஒரு பேருந்து தெரிந்தது. முகப்பில் 'வியாகுலமேரி' என்று எழுதியிருந்தது. அது லூர்துநாதனின் இறந்துபோன அம்மாவின் பெயர். ஓட்டுநர் பட்டியலைத் திறந்து பார்த்தார். கிங்ஸ்லி, மஸ்கட் என்று இருந்தது.

கிங்ஸ்லி அவருடைய கூடப்பிறந்த தம்பி. ஆறு வருடமாகப் பேச்சு இல்லை. தங்கை கல்யாணத்துக்குப் பத்திரிகை அடிக்கக் கொடுத்தவர் லூர்துநாதன். தங்கள் நல்வரவை விரும்பும் பட்டியலில் கிங்ஸ்லியின் மனைவி பெயர் விட்டுப்போயிருந்தது. எழுநூறு பத்திரிகையும் வந்து இறங்கிய பிறகுதான் கவனித்தார். கவனித்த பிறகு ஒன்றும் சொல்லாமல் இருந்தார். அதைத்தான் கிங்ஸ்லியால் தாங்க முடியவில்லை. கல்யாணத்துக்கு வந்தான், கோவிலில் கடைசி வரிசையில் நின்றான், பந்தியில் உட்காராமல் போனான்.

அன்று அந்தப் பேருந்து தேனிவரை பின்னாலேயே வந்தது. மறுநாளும் வந்தது. இவர் சின்னமனூரில் நிறுத்தினால் பின்னால் நிற்கும். இவர் எடுத்தால் எடுக்கும். திரையின் மூலையில் ஒருவருக்கொருவர் எழுதிக்கொள்ள ஒரு பெட்டி இருந்தது. இருவரும் அதில் ஒன்றும் எழுதவில்லை. ஒன்றரை வருடமும் எழுதவில்லை.

சித்திரையில் பொது மேலாளரின் பிறந்தநாள் வந்தது.

பொது மேலாளர் செல்வமணிக்கு அல்லிநகரத்தில் ஃபிளெக்ஸ் அடிக்கும் கடை. பூப்புனித நீராட்டு, காதணி விழா, கண்ணீர் அஞ்சலி எல்லாம் அடிப்பார். கழகத்துச் சாலையிலும் அவருடைய பேனர்கள் முன்பே சில இருந்தன. பிறந்தநாளுக்காக அந்த எண்ணிக்கை அறுபத்தொன்றாக உயர்த்தப்பட்டது. எல்லாவற்றிலும் வெள்ளைச் சட்டையில் அவர் கும்பிட்டுக்கொண்டிருந்தார். வீரபாண்டியில் மட்டும் செல்போனில் பேசிக்கொண்டிருந்தார்.

அன்று மாலை லூர்துநாதனின் ஃபிரேம் பதினெட்டிலிருந்து பதினொன்றுக்கு வந்தது. உத்தமபாளையம் பாலத்தில் பேனர்கள் நெருக்கமாக இருந்ததால் நாலுக்கு வந்தது. நாலு ஃபிரேமில் ஓடும் வண்டி மற்றவர்கள் திரையில் மறைந்து மறைந்து தோன்றும். அப்படி ஒருமுறை மறைந்து மூன்று மீட்டர் பின்னால் தோன்றியது. அந்த இடத்தில் வியாகுலமேரி வந்துகொண்டிருந்தது. இரண்டு பேருந்துகள் ஒரே இடத்தில் இருக்க முடியாததால் வியாகுலமேரி கைப்பிடிச் சுவரைத் தாண்டி முல்லைப் பெரியாற்றில் விழுந்தது. யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. ஆற்றில் தண்ணீர் இன்னும் சேர்க்கப்படவில்லை.

லூர்துநாதன் பாலத்தில் வண்டியை நிறுத்திக் காத்திருந்தார். இரண்டு நிமிடத்தில் வியாகுலமேரி டிப்போவிலிருந்து புதிதாக எடுக்கப்பட்டுக் கண்ணாடியில் வந்து நின்றது. பெட்டியில் ஒன்றும் எழுதப்படவில்லை. இருவரும் தேனிக்குப் போனார்கள்.

மறுநாள் காலை மெமோ வந்தது. மேலே இரண்டு யானைகள் ஒரு பேருந்துக்கு மாலை போடும் முத்திரை. 'தாங்கள் தங்கள் வண்டியை, அது இல்லாத இடத்தில் இயக்கி, சக ஊழியரின் வண்டியை ஆற்றில் தள்ளியது ஏன் என்பதற்கு ஏழு நாட்களுக்குள் எழுத்துமூலம் விளக்கம் தருமாறு கோரப்படுகிறது. எதிர்வரும் தகுதிச் சான்று முகாமில் தங்கள் கணினி குறைந்தபட்சம் முப்பது ஃபிரேம் காட்டத் தவறினால் தடத்திலிருந்து நிரந்தரமாக நீக்கப்படுவீர்கள்.'

அவர் மனைவி அருள்செல்வி யானை முத்திரையை எட்டிப் பார்த்தாள்.

"என்னா எழுதியிருக்காக?"

"எப்.சி. எடுக்கணுமாம்."

"எதுக்கு?"

"வண்டிக்கு."

"எந்த வண்டிக்கு? நம்ம டிவிஎஸ்ஸுக்கே எப்.சி. போயி ரெண்டு வருசமாச்சு. ரோட்டுல ஓடுறதுக்கு இல்ல, ஓடாததுக்கு எடுக்கணுமாக்கும்."

 இப்படிக் கேட்டாலும், கண்ணாடியில் வரும் வண்டியைப் பற்றி அவளுக்குத் தெரியும். ஏழு மணிக்கு டிவியின் சத்தத்தைக் குறைப்பாள்.

அன்று மதியம் தொழில்நுட்பப் பிரிவின் தலைவர் விஜய்ராஜ் போன் செய்தார். பொது மேலாளரின் மச்சினன். பெங்களூர் கம்பெனி வேலையை அல்லிநகரம் வீட்டு மாடியிலிருந்து பார்ப்பவர்.

"வணக்கம்ணே. டெக்னிக்கல் விங் பேசுறேன். எத்தன ஃபிரேம்ணே வருது உங்களுக்கு?"

"பதினொண்ணு."

 விஜய்ராஜ் ஆஸ்பத்திரியில் கட்டிலுக்குப் பக்கத்தில் நிற்பவர் குரலில் கேட்டார்: "எத்தன நாளாண்ணே இப்பிடி இருக்கு?"

"பேனர் வச்சதுலருந்து."

"அது இருக்காதுண்ணே. பேனருக்கும் ஃபிரேமுக்கும் சம்பந்தம் இல்ல. நம்ம ஜி.எம். படத்தால யாருக்குண்ணே கெடுதல் வரும்?"

"ஒங்களுக்கு எம்புட்டு வருது தம்பி?"

"நூத்தி நாப்பத்தி நாலுண்ணே." பெருமூச்சு கேட்டது. "இருந்தும் என்னா செய்ய? அதுலயும் ஒரு நிம்மதி இல்லண்ணே."

மாலையில் தொழில்நுட்பப் பிரிவின் சுற்றறிக்கை வந்தது. 'குறைதிறன் கணினிகளில் ஃபிரேம் உயர்த்தும் பத்தொன்பது வழிகள்.' முதல் வழி: இயன்றால் வேறு கணினி வாங்குக. நான்காவது: நிழல்களை அணைக்க. எட்டாவது: மின்விசிறியைத் தங்கள் பக்கமிருந்து கணினியின் பக்கம் திருப்புக. பதினான்காவது: சக ஊழியர்களின் பேருந்துகள் திரையில் தெரியாதவாறு செய்க. பதினைந்தாவது: சக ஊழியர்களின் பேருந்துகள் மீது மோதாமல் ஓட்டுக.

ஆறாவது வழி: பக்கக் கண்ணாடிகளை அணைக்க. நான்கு ஃபிரேம் கிடைக்கும்.

அரை மணி நேரத்தில் பாதுகாப்புப் பிரிவின் சுற்றறிக்கை வந்தது. பக்கக் கண்ணாடி இல்லாமல் வண்டி ஓட்டுபவர்கள் பணியிடை நீக்கம் செய்யப்படுவார்கள். கையெழுத்து: நாகஜோதி, பாதுகாப்பு அலுவலர். அவர் பொது மேலாளரின் மனைவி, விஜய்ராஜின் அக்கா. லூர்துநாதன் அவருக்குப் போன் செய்தார்.

"இதுல என்னாண்ணே கொழப்பம்? டெக்னிக்கல் விங்குக்கு அணைச்சிருங்க. சேஃப்டி விங்குக்குப் போட்டுக்கங்க. ரெண்டு விங்கும் ஒரே நேரத்துலயா வந்து பாக்கப் போகுது?"

"ரெண்டு பேரும் ஒரே வீட்டுலதானம்மா இருக்கீக?"

"வீடு வேற, நிர்வாகம் வேறண்ணே. என் தம்பியா இருந்தாலும் அவங்கிட்ட ஒரு வார்த்த கேக்க மாட்டேன். லெட்டர் போடுவேன். அவன் பதில் லெட்டர் போடுவான். கீழ மாடிக்கு வர்றதுக்கு எப்பிடியும் ஒரு வாரம் ஆகும்."

லூர்துநாதன் ஒருமுறை கண்ணாடியை அணைத்துப் பார்த்தார். கூடலூரிலிருந்து கம்பம்வரை. பதினைந்து வந்தது. சாலை கொஞ்சம் சீராக வந்தது. பின்னால் யாராவது வருகிறார்களா என்று தெரியவில்லை. வருவார்கள் என்பது தெரியும். கம்பத்தில் மறுபடி போட்டார். வந்துகொண்டிருந்தது. அதற்குப் பிறகு அவர் கண்ணாடியைத் தொடவில்லை.

மற்றவற்றை எடுக்க ஆரம்பித்தார். பதினொரு ஃபிரேமிலிருந்து முப்பதுக்குப் பத்தொன்பது வேண்டும். முகாமுக்கு மூன்று வாரம் இருந்தது. முதலில் நிழல்கள் போயின. பிறகு மேகங்கள். சுருளிப்பட்டிப் பக்கம் சாலையோரத்தில் பன்னீர் திராட்சைப் பந்தல்கள் இருந்தன, அவற்றை எடுத்ததில் ஒன்றரை ஃபிரேம் கிடைத்தது. தென்னைகள். மேற்குத் தொடர்ச்சி மலையை எடுத்தால் நிறையக் கிடைக்கும் என்று நினைத்தார். முழு மலைக்கும் அரை ஃபிரேம்தான். பயணிகளை இறக்கிவிட்டார். காலி வண்டிதான், ஆனாலும் நிறுத்தங்களில் நிறுத்தினார். பின்னால் வருபவன் நிற்கிறானே. கடைசியில் வானம் இல்லை, ஊர்கள் இல்லை, சத்தம் இல்லை. சாம்பல் வெளியில் ஒரு சாலையும், சாலையோரம் அறுபத்தொரு இடங்களில் கும்பிடும் செல்வமணியும், கண்ணாடியில் ஒரு பேருந்தும். பதினேழு ஃபிரேம்.

எடைமேடைக்காரர் எதைப் பார்த்தாலும் கனம் எவ்வளவு என்றுதான் பார்ப்பார். ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்து, கழகத்தின் கோப்புகளைக் கனத்தின்படி வரிசைப்படுத்தினார். முழுத் தேனி மாவட்டமும் நடுவில் எங்கோ இருந்தது. எல்லாவற்றுக்கும் மேலே 'ஜி.எம். பர்த்டே' என்று ஒரு கோப்புறை இருந்தது. செல்வமணி தன் கடையில் இருபதடி ஃபிளெக்ஸுக்கு அனுப்பும் அதே படத்தை, ஒரு புள்ளிகூடக் குறைக்காமல், அப்படியே விளையாட்டுக்குள் போட்டிருந்தார். அறுபத்தொரு முறை. ஒவ்வொரு நிறுத்தத்திலும் அந்த மடிக்கணினி செல்வமணியின் மீசையை ஒவ்வொரு முடியாக எண்ணிக்கொண்டிருந்தது.

லூர்துநாதன் ஒரு சின்னச் சாம்பல் கட்டத்தைச் செய்து அதே பெயரில் அறுபத்தொரு இடத்திலும் வைத்தார். கோபத்தில் செய்யவில்லை. லாரியிலிருந்து கூடுதல் பாரத்தை இறக்கச் சொல்வது போலச் செய்தார்.

முப்பத்து நான்கு.

அன்று மாலை அவர் முதன்முறையாகத் தம்பி ஓட்டுவதைப் பார்த்தார். அதுவரை அந்தப் பேருந்து கண்ணாடியில் ஒரு இடத்திலிருந்து இன்னொரு இடத்துக்கு மாறிக்கொண்டிருந்தது. இப்போது வந்தது. சக்கரம் சுற்றியது. யாரும் இல்லாத நிறுத்தத்திலும் இடதுபக்க விளக்கைப் போட்டு ஒதுங்கினான். வேகத்தடையில் மெதுவாக ஏற்றி இறக்கினான், உள்ளே யாரோ வயதானவர்கள் இருப்பது போல. தேனி வந்தும் லூர்துநாதன் மடிக்கணினியை மூடவில்லை. அருள்செல்வி சோறு ஆறுகிறது என்று இரண்டு முறை சொன்னாள்.

தகுதிச் சான்று முகாம் தேனியில் ஒரு கல்யாண மண்டபத்தில் நடந்தது. வாசலில் பொது மேலாளரின் பேனர் இருந்தது, இது உண்மையானது. போடியிலிருந்தும் ஆண்டிபட்டியிலிருந்தும் உறுப்பினர்கள் சி.பி.யு.க்களை மடியில் வைத்துக்கொண்டு ஷேர் ஆட்டோவில் வந்து இறங்கினார்கள். கோம்பையிலிருந்து ஒருவர் மானிட்டரைப் போர்வையில் சுற்றிக் கைக்குழந்தையைப் போலத் தூக்கி வந்தார். கணினிகளுக்குச் சந்தனம் குங்குமம் வைக்கப்பட்டது. வயர்களில் எலுமிச்சம்பழம் கட்டப்பட்டது. மூடியில் சாக்பீஸால் வரிசை எண் எழுதினார்கள். நாகஜோதி ஒவ்வொரு கணினியின் பின்னாலும் கையை வைத்து வெப்பக்காற்றைப் பார்த்து, "புகை இல்லை" என்று படிவத்தில் எழுதினார்.

பரிசோதனைக்குக் கழகத்துத் தேனிப் பேருந்து நிலையத்தைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். அங்கே மட்டும் பதினான்கு பேனர்கள். ஒவ்வொருவராகத் தோற்றார்கள். ஒன்பது. பன்னிரண்டு. ஏழு. ஆண்டிபட்டிக்காரரின் கணினி பேருந்து நிலையத்தைப் பார்த்ததும் தானாக அணைந்தது. அவர் அதைக் கூப்பிட்டுப் பார்த்தார், "ஏலே, ஏலே" என்று தட்டினார், பிறகு துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டு ஒரு நாற்காலியில் உட்கார்ந்தார். விஜய்ராஜ் அவருக்குத் தண்ணீர் கொடுத்தார்.

நாற்பத்தொன்றாம் எண் கூப்பிடப்பட்டது. லூர்துநாதன் மடிக்கணினியைத் திறந்து கழகத்துச் சாலைக்குள் நுழைந்தார். விஜய்ராஜ் திரையைப் பார்க்கவில்லை, மூலையில் இருந்த எண்ணை மட்டும் பார்த்தார். இன்னொருமுறை பார்த்தார்.

"முப்பத்திநாலு!"

மண்டபம் கைதட்டியது. இலவச மடிக்கணினியில் முப்பத்து நான்கு என்பது மைக்கில் இரண்டு முறை அறிவிக்கப்பட்டது. அவரை மேடைக்கு அழைத்துச் சால்வை போர்த்தினார்கள். செல்வமணி மைக்கைப் பிடித்தார்.

"இங்கன வந்திருக்க உறவுகளே! நம்ம கழகத்தப் பத்திச் சில பேரு வெளியில பேசுறாக. பேனரு ஜாஸ்தி, ஃபிரேமு கம்மின்னு. நான் விளம்பரத்த விரும்பாதவன். என் படம் எங்கெங்க இருக்குன்னு எனக்கே தெரியாது. அறுவத்தியொரு எடத்துல இருக்குன்னு சொல்றாக, எண்ணிப் பாத்தேன், கரெக்டாத்தான் இருக்கு. அம்புட்டுப் பேனருக்கும் நடுவுல இந்த லூர்துநாதன் அண்ணே முப்பத்திநாலு காட்டியிருக்காரு! அப்ப கோளாறு பேனருலயா இருக்கு? மனசுல இருக்கு! உழைப்புல இருக்கு! அண்ணே, அது எப்பிடின்னு இந்தத் தம்பிகளுக்கு நாலு வார்த்த சொல்லுங்க."

மைக் லூர்துநாதனிடம் வந்தது.  கூட்டம் காத்திருந்தது. ஏதோ ஒரு கணினியின் காற்றாடிச் சத்தம் கேட்டது.

"படத்த எடுத்துட்டேன்," என்றார்.

"எந்தப் படத்தண்ணே?"

"ஒங்க படத்த."

யாரோ ஆர்வமிகுதியில் மடிக்கணினியைப் புரொஜெக்டரில் இணைத்துவிட்டார்கள். மேடைச் சுவரில் தேனிப் பேருந்து நிலையம் விரிந்தது. வானம் இல்லை, ஆள் இல்லை. பதினான்கு சட்டங்களில் பதினான்கு சாம்பல் கட்டங்கள். கூட்டம் அதைப் பார்த்தது. கடைசி வரிசையில் ஒருவர் மெதுவாக, "எம்புட்டு ஸ்மூத்தாப் போகுது பாரு," என்றார்.

விஜய்ராஜ் வந்து லூர்துநாதனின் தோளிலிருந்து சால்வையை எடுத்து நாலாக மடித்தார்.

குற்றச்சாட்டு மெமோ அன்றே வந்தது. 'பொது மேலாளரைத் தன் கணினி அளவில் அறுபத்தொரு இடங்களில் பதவி நீக்கம் செய்தது. மேற்கண்ட நீக்கத்தால் ஆதாயம் அடைந்தது: இருபத்து மூன்று ஃபிரேம். மேற்கண்ட ஆதாயத்துக்காகச் சால்வை பெற்றது.' விசாரணை முடியும்வரை வண்டி எண் நாற்பத்தொன்று டிப்போவில் நிறுத்தப்படும் என்றும், விபத்தில் பாதிக்கப்பட்ட கிங்ஸ்லி விசாரணையில் சாட்சியாக அழைக்கப்படுவார் என்றும் இருந்தது. கீழே சின்ன எழுத்தில் இன்னொன்று: இரத்த உறவினர் இருவர் ஒரே தடத்தில் வண்டி ஓட்ட விதி பதினான்கு தடை செய்கிறது; எதிரியும் சாட்சியும் ஒரே ஊர், ஒரே தகப்பனார் பெயர் என உறுப்பினர் படிவத்தில் காணப்படுவதால் இதுகுறித்தும் விசாரிக்கப்படும்.

பன்னிரண்டு நாள் ஏழு மணிக்கு லூர்துநாதன் மடிக்கணினியைத் திறந்தார். வண்டி எடுக்க முடியாது, பட்டியலைப் பார்க்கலாம். எந்த வண்டி எங்கே ஓடுகிறது என்று எழுதியிருக்கும். வியாகுலமேரிக்கு எதிரே 'டிப்போவில்' என்று இருந்தது. மறுநாளும் டிப்போவில். பன்னிரண்டு நாளும் டிப்போவில். அவனை யாரும் நிறுத்தச் சொல்லவில்லை.

"போன் போடுங்களேன்," என்றாள் அருள்செல்வி ஏழாவது நாள்.

"போட்டு?"

"போட்டுப் பேசுங்க."

"என்னான்னு?"

அவளுக்கும் தெரியவில்லை. ஆறு வருடம் கழித்து, பேருந்து ஏன் எடுக்கவில்லை என்று ஆரம்பிக்க முடியாது.

விசாரணை வெள்ளிக்கிழமை பிற்பகல் நாலு மணிக்கு, கணினியில், குரல் வழியாக நடந்தது. மஸ்கட்டில் அன்று விடுமுறை. விசாரணை அதிகாரி செல்வமணி.

"இதுல பாதிக்கப்பட்டவன் நானு," என்று ஆரம்பித்தார். "அதனால என்னா நடந்துச்சுன்னு முழுசாத் தெரிஞ்சவனும் நான்தான். என்னைய விட நடுநிலையா இத யாரு விசாரிக்க முடியும்? ஆட்சேபனை இருக்கா?"

யாருக்கும் இல்லை.

முதல் இரண்டு மணி நேரம் பேனரைப் பற்றி. விஜய்ராஜ் தொழில்நுட்ப அறிக்கை வாசித்தார். பேனருக்கும் ஃபிரேமுக்கும் சம்பந்தமில்லை என்று முதல் பக்கத்திலும், அந்தச் சம்பந்தத்தைக் குறைக்கும் வழிகள் இரண்டாம் பக்கத்திலும் இருந்தன. முடிவில் 'குறைதிறன் பேனர்' என்ற புதிய வகை உருவாக்கப்பட்டது. கறுப்பு வெள்ளை, தோளுக்கு மேலே மட்டும், கும்பிடும் கைகள் கிடையாது. அதை வைத்தால் லூர்துநாதனுக்குப் பத்தொன்பது வரும் என்று சோதித்திருந்தார்கள். உடனே தகுதி அளவு முப்பதிலிருந்து பத்தொன்பதாகக் குறைக்கப்பட்டது. பொது மேலாளரின் பெருந்தன்மையைப் பாராட்டித் தீர்மானம் போட்டார்கள். அதைக் குறிக்கும் பேனர் ஒன்று லோயர் கேம்பில் வைக்கப்படும்.

"இப்ப விதி பதினாலு," என்றார் செல்வமணி. "இது ஏன் போட்டோம்? ஒரே குடும்பம் ஒரு தடத்தப் பிடிச்சிக்கிட்டு அசையாம இருந்துரக் கூடாது. நாளைக்கு அண்ணன், தம்பி, மச்சான்னு சேந்துக்கிட்டா கழகம் என்னாகும்? நாகஜோதி, அந்த விதிய வாசி."

நாகஜோதி வாசித்தார். நிர்வாகிகளுக்குப் பொருந்தாது என்பதோடு விதி முடிந்தது.

"உறவுன்னு நிரூபணமாச்சுன்னா ஒருத்தர ஆண்டிபட்டித் தடத்துக்கு மாத்திருவோம். அம்புட்டுத்தான், தண்டனையெல்லாம் கெடையாது. சாட்சி கிங்ஸ்லி, லைன்ல இருக்கீகளா?"

"இருக்கேன் சார்."

லூர்துநாதன் ஆறு வருடத்துக்குப் பின் அந்தக் குரலைக் கேட்டார். கொஞ்சம் கனத்திருந்தது. பின்னால் ஏதோ ஒரு ஏசி ஓடிக்கொண்டிருந்தது.

"உங்க தகப்பனார் பேரு?"

"அந்தோணி."

"எந்த ஊரு?"

"இராயப்பன்பட்டி."

"லூர்துநாதனோட அப்பா பேரும் அந்தோணி, ஊரும் இராயப்பன்பட்டி. அப்ப?"

"எங்க ஊருல அந்தோணி நாப்பது பேரு இருப்பாக சார். தெருவுல நின்னு கூப்புட்டா பாதி ஊரு திரும்பும்."

யாரோ சிரித்தார்கள். செல்வமணி சிரிக்கவில்லை.

"நேரடியாக் கேக்குறேன். ரெக்கார்டு ஆகுது. வண்டி எண் நாப்பத்தியொண்ணு லூர்துநாதன் உங்களுக்கு என்னா வேணும்?"

ஏசி ஓடியது. நடவடிக்கைக் குறிப்பில் இந்த இடத்தில் 'பதினொரு நொடி மௌனம்' என்று நாகஜோதி எழுதினார்.

"ஒண்ணும் வேணாம் சார். எனக்கு அவரத் தெரியாது."

"பேசுனது உண்டா?"

"இல்ல சார். பேசுனதே இல்ல. நல்லா ஓட்டுவாரு. கொஞ்சம் விட்டு விட்டுப் போவாரு. அது பழகிருச்சு. வேற வண்டி பின்னாடி போனா எனக்குச் சரிப்படாது."

"ஆத்துல தள்ளுனதுக்குப் புகார் இருக்கா?"

"எப்ப தள்ளுனாரு?" என்றான் கிங்ஸ்லி.

செல்வமணி படிவத்தைப் புரட்டும் சத்தம் கேட்டது. "அண்ணே, நீங்க சொல்லுங்க. கிங்ஸ்லி உங்களுக்கு உறவா?"

லூர்துநாதனுக்கு எதிரே மடிக்கணினித் திரையில் ஐந்து பெயர்கள் இருந்தன. யார் பேசினாலும் அந்தப் பெயரைச் சுற்றி ஒரு பச்சைக் கோடு வரும். இப்போது அவர் பெயரைச் சுற்றி ஒன்றும் இல்லை. தம்பியின் பெயரைச் சுற்றி மட்டும் கோடு விட்டு விட்டு வந்துகொண்டிருந்தது. மூச்சாக இருக்கலாம். ஏசியாகவும் இருக்கலாம். அவன் விதியைப் படித்துவிட்டுச் சொன்னானா, மனதிலிருப்பதைச் சொன்னானா என்று லூர்துநாதனுக்குத் தெரியவில்லை. இரண்டுக்கும் அதே வார்த்தைகள்தான்.

"அண்ணே?"

"இல்ல," என்றார் லூர்துநாதன். "தெரியாது."

குறிப்பு வாசிக்கப்பட்டது. 'எதிரிக்கும் சாட்சிக்கும் இடையே எவ்வித உறவும் இல்லை என்பது இருவரின் வாக்குமூலத்தால் ஐயமின்றி நிரூபணமானது. ஆகையால் இருவரும் தொடர்ந்து குமுளி–தேனி தடத்தில் முன்பின்னாக வண்டி இயக்க அனுமதிக்கப்படுகிறது. இது இன்று மாலை முதல் அமலுக்கு வரும்.' இருவரும் தங்கள் பெயரைத் தட்டச்சு செய்து ஒப்புதல் அளிக்க வேண்டும். முதலில் கிங்ஸ்லியின் பெயர் வந்தது. அதற்குக் கீழே லூர்துநாதன் தன் பெயரை அடித்தார். கூட்டம் கலைந்தது. பெயர்கள் ஒவ்வொன்றாகத் திரையிலிருந்து போயின. கிங்ஸ்லியின் பெயர் கடைசிவரை இருந்தது. பிறகு அதுவும் போயிற்று.

அருள்செல்வி அடுப்படி வாசலில் நின்றுகொண்டிருந்தாள். கையில் பாதி உரித்த வெங்காயம்.

"கூடப் பொறந்தவன இல்லேன்ட்டீக."

"ஆமா."

"அவென்?"

"அவனும் இல்லேன்ட்டான்."

அவள் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். ஆறு நாற்பது ஆகியிருந்தது. வெங்காயத்தை மறுபடி உரிக்கத் தொடங்கினாள்.

"எத்தன மணிக்கு வண்டி?"

"ஏழுக்கு," என்றார் லூர்துநாதன்.